மைக்கைக் கொடுக்கும் முன்: கோல்ஃப் ஒளிபரப்புத் தயாரிப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தயாரிப்பாளர்களுக்கு,

வணக்கம். ஓய்வு பெற்ற கோல்ஃப் ஆட்டக்காரர் ஒருவரிடம் மைக்கைக் கொடுக்கும் முன் நீங்கள் எண்ணிப் பார்ப்பது அவர் ஜெயித்த கோப்பைகளை. அந்தக் கணக்கை விட்டுவிடுங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல். பந்து கிளம்புவதற்கு முன்னால், அது எந்தப் பக்கம் கெடும், ஏன் கெடும் என்று அவரால் சொல்ல முடியுமா? அதைச் சோதித்து ஆளை எடுங்கள். குரல், முகம், பேர் எல்லாம் அப்புறம்.

நாங்கள் கூப்பிடும் சாட்சி ஜானி மில்லர். 1990 முதல் 2019 வரை அமெரிக்காவின் என்பிசி தொலைக்காட்சியில் கோல்ஃபுக்குத் தலைமை விமர்சகர். கோப்பைக்குப் பஞ்சமில்லாதவர்தான்: பிஜிஏ டூர் என்னும் அமெரிக்கத் தொழில்முறைத் தொடரில் 25 வெற்றி, ஆண்டின் நான்கு பெரும் போட்டிகளான மேஜர்களில் இரண்டு. ஆனால் இருபத்தொன்பது ஆண்டு அந்த நாற்காலியை அவருக்குத் தந்தது அந்த 25 இல்லை என்பது எங்கள் கட்சி.

ஆட்டக்காரர் மில்லரைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். 1947-இல் சான் பிரான்சிஸ்கோவில் பிறந்தார். 1966-இல் அதே ஊரின் ஒலிம்பிக் கிளப்பில், மேஜர்களில் ஒன்றான யுஎஸ் ஓபன் நடந்தபோது 19 வயது அமெச்சூர். எட்டாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டார். 1969-இல் தொழில்முறைக்கு வந்தார். 1974-இல் ஒரே ஆண்டில் எட்டுப் போட்டிகளை ஜெயித்தார். 1975 ஜனவரியில் ஃபீனிக்ஸில் 14 ஸ்ட்ரோக், அதாவது 14 அடி, வித்தியாசத்தில் வெற்றி, அடுத்த வாரமே டூசானில் 9. 1976-இல் இங்கிலாந்தின் ராயல் பர்க்டேலில் இன்னொரு மேஜரான ஓபன் பட்டம். ஆறு ஸ்ட்ரோக் பின்னால் நின்றவர்கள் ஜாக் நிக்லாஸும் 19 வயது செவே பாலஸ்டெரோஸும்.

1973 யுஎஸ் ஓபனிடம் மட்டும் கொஞ்சம் நிற்க வேண்டும். இடம் பென்சில்வேனியாவின் ஓக்மாண்ட். முதல் இரண்டு நாள் 71, 69 அடிகள் (கோல்ஃபில் குறைவாக அடித்தவர்தான் முன்னே). மூன்றாம் நாள் தன் தூரக் குறிப்பேட்டை மறந்து வந்துவிட்டார். எந்த மரத்திலிருந்து, எந்த பங்கர் (மணல்பள்ளம்) ஓரத்திலிருந்து கிரீனுக்கு (குழி இருக்கும் குட்டைப்புல் பரப்புக்கு) எத்தனை கெஜம் என்று முன்கூட்டியே நடந்து அளந்து எழுதி வைத்த கையடக்க நோட்டு அது. லேசர் தூரமானி இல்லாத காலம். அன்று அவர் அடித்தது 76. மறுநாள் காலை அவருக்கு மேலே ஆறு ஸ்ட்ரோக் தூரத்தில் ஆர்னால்ட் பாமர், ஜூலியஸ் போரோஸ், ஜெர்ரி ஹேர்ட், ஜான் ஷ்லீ என்று நான்கு பேர் முதலிடத்தில் சமமாக நின்றார்கள்.

அந்தக் கடைசி நாளில் முதல் நான்கு குழிகளிலும் பேர்டி, அதாவது குழிக்கு வகுத்த அடிக்கணக்கான பாரைவிட ஓர் அடி குறைவு. எட்டாவதில் மூன்று பட் (கிரீனில் பந்தை உருட்டும் அடி) தட்டி ஒரே ஒரு போகி (பாரைவிட ஓர் அடி கூடுதல்). மொத்தம் ஒன்பது பேர்டி, பார் 71-க்கு 63. மேஜர் ஒன்றில் எவரும் அதற்கு முன் 63 அடித்ததில்லை. 279-இல் முடித்து ஷ்லீயை ஒரே ஸ்ட்ரோக்கில் முந்தினார். அந்தச் சுற்றில் அவர் தட்டிய பட் 29. இந்த எண்ணைக் கவனியுங்கள். பட்டர், அதாவது பட் தட்டும் மட்டை, ஒன்றும் மாயம் செய்துவிடவில்லை. 18 கிரீனையும், பாரில் இரண்டு பட்டுக்கு இடம் விட்டு எட்டியவர் 29 பட்டில் முடிப்பது நல்ல ஆட்டம், அவ்வளவுதான். மாயமெல்லாம் அயர்னில், கிரீனை நோக்கி அடிக்கும் உலோக மட்டையில். முதல் குழியிலேயே 3 அயர்ன் அடித்துக் கொடிக்கு ஐந்தடிக்குள் வைத்தார். கொடிக்கு எந்தப் பக்கம் பந்து நின்றால் அடுத்த அடி சுலபம், எந்தப் பக்கம் நின்றால் மூன்று பட் என்று தெரிந்து அடித்தவர் அவர். பின்னாளில் மைக் முன்னால் பேசியதும் அந்த அயர்ன் கண்தான். (அந்த 63-ஐ அடிக்கடி நினைவூட்டுவார், ரசிகர்கள் கிண்டல் செய்யும் அளவுக்கு. இந்த விஷயத்தில் நாங்களும் கிண்டல்காரர்கள் பக்கம்.)

அப்புறம் பட்டர் அவரைக் கைவிட்டது. சின்ன தூரப் பட்டில் மணிக்கட்டு தானாக வெட்டி இழுக்கும் நோய்க்கு யிப்ஸ் என்று பெயர். 1976-இல் பர்க்டேலில் ஜெயித்த வாரத்திலேயே கைப்பிடியின் அடியில் சிவப்பு நகப்பூச்சால் ஒரு புள்ளி வைத்து, பந்தைப் பார்க்காமல் அந்தப் புள்ளியைப் பார்த்துத்தான் தட்டினார். உச்சத்தில் இருந்தவர், பயத்தை உள்ளிருந்தே பார்த்தவர். விமர்சகர் வேலைக்கு இதைவிடப் பெரிய தகுதிச் சான்று வேண்டுமா?

அந்தச் சான்று செல்லுபடியானது 1990-இல், அவர் என்பிசிக்காக உட்கார்ந்த முதல் போட்டியிலேயே. கலிஃபோர்னியப் பாலைவனத்தில் பாப் ஹோப் போட்டி, கடைசிக் குழி. அவருடைய நண்பர் பீட்டர் ஜேக்கப்சன் 200 கெஜத்துக்கும் மேலே, இறக்கச் சரிவில் கிடக்கும் பந்தை, தண்ணீரைத் தாண்டி கிரீனுக்கு அடிக்க வேண்டும். சோக் ஆவதற்கு, அதாவது நெருக்கடியில் கை உதறிச் சொதப்புவதற்கு, இதைப் போல வசதியான அடி கிடையாது என்ற பொருளில் மில்லர் சொன்னார். ஆட்டக்காரர்கள் தங்களுக்குள் கூட உச்சரிக்கத் தயங்கும் சொல் அது, நேரலையில் சொல்லியாகிவிட்டது. ஜேக்கப்சன் பந்தை கிரீனில் இறக்கிக் கோப்பையையும் எடுத்துக்கொண்டார். நண்பருக்கு வருத்தம்.

மில்லரின் கணிப்பு பொய்த்ததே என்று கேட்பீர்கள். அவர் ஆரூடம் சொல்லவில்லை. அந்த அடி எப்படிக் கெடும் என்று பாருங்கள். இறக்கச் சரிவில் மட்டையின் முகச்சாய்வு குறைகிறது, அதனால் பந்து தாழ்ந்து கிளம்பும். முன்னால் தண்ணீர் இருப்பதால் பந்தை எப்படியாவது தூக்கிவிட வேண்டும் என்று மனசு சொல்லும். தூக்க நினைத்ததும் உடல் எடை பின்காலிலேயே தங்கிவிடும். அப்போது மட்டை வீச்சின் அடிப்புள்ளி பந்துக்குப் பின்னால் விழும். சரிவில் பின்பக்கத் தரை மேடு வேறு. மட்டை முதலில் மண்ணைத் தொட்டால் பந்து பாதியிலேயே தண்ணீருக்குள். தரையில் பட்டு எகிறி பந்தின் நெற்றியில் பட்டால் தரையோடு உருண்டு தண்ணீருக்குள். சரிந்த தரையோடு தோளைச் சாய்த்து, எடையை முன்காலில் வைத்து, சரிவின் வழியே மட்டையைக் கீழ்நோக்கி விட்டால்தான் தப்பலாம். பயந்தவனுக்கு அந்த ஒன்றுதான் வராது. வீட்டில் பார்ப்பவருக்கு இவ்வளவும் தெரிந்திருந்தால், ஜேக்கப்சனின் அடி கிரீனில் விழுந்தது எவ்வளவு பெரிய காரியம் என்றும் தெரியும். தெரியாவிட்டால் புல் மேல் ஒரு வெள்ளைப் புள்ளி, அவ்வளவுதான்.

இனி உங்கள் பக்கம் வருகிறோம். தலைமை விமர்சகர் உட்கார்ந்திருப்பது 18-ஆம் கிரீனுக்கு அருகே உள்ள கோபுரத்தில். பெரும்பாலான அடிகளை அவரும் நம்மைப் போலத் திரையில்தான் பார்க்கிறார். பந்து எப்படிக் கிடக்கிறது என்பதைப் பக்கத்தில் நடந்து போகும் களச் செய்தியாளர்தான் சொல்ல வேண்டும். என்பிசியில் நெடுங்காலம் அந்த வேலையைச் செய்தவர் ரோஜர் மால்ட்பி, அவரும் டூர் ஆட்டக்காரர். இரண்டு பேருக்கும் கையில் இருக்கும் நேரம் மிகக் குறைவு. ஓர் அடியை 40 நொடிக்குள் அடிக்கப் பரிந்துரைக்கிறது கோல்ஃப் விதி 5.6. அந்த நாற்பதையும் ஒரே வாயால் நிரப்புவது வழக்கமாகிவிட்டது. அதுவும் பாதி நேரம் தன் பழைய நினைவு. நாங்கள் கேட்பது இந்தப் பங்கீடு: முதல் 10 நொடி களத்தில் இருப்பவருக்கு, தூரம், பந்தின் கிடை, காற்று, கையில் எடுத்த மட்டை, வேறெதுவும் வேண்டாம். அடுத்த 15 நொடி விமர்சகருக்கு, எங்கே விழ வேண்டும், எங்கே விழுந்தால் போச்சு, பெரும்பாலும் எந்தப் பக்கம் தவறும். மிச்சம் இருப்பது மௌனத்துக்கு. மட்டை பந்தில் படும் சத்தம் கேட்டால் போதும், பழகிய காது பாதியைக் கண்டுபிடித்துவிடும்.

அந்தப் பதினைந்து நொடியில் பேசுவதற்கு வீட்டுப்பாடம் வேண்டும். காற்றை எடுத்துக்கொள்ளுங்கள். எதிர்க்காற்று கெடுப்பதில் பாதியைத்தான் பின்காற்று கொடுக்கும். கேடிகளிடம் (ஆட்டக்காரரின் பையைச் சுமந்து யோசனை சொல்பவர்களிடம்) புழங்கும் தோராயக் கணக்கு இது: எதிரே மணிக்கு ஒரு மைல் காற்றுக்குத் தூரத்தில் ஒரு சதவீதம் கூட்டு, பின்னால் அடித்தால் அரை சதவீதம் கழி. 150 கெஜ அடி, எதிரே 10 மைல் காற்று என்றால் 165 கெஜத்துக்கு அடிக்க வேண்டும். அதே காற்று முதுகில் அடித்தால் 142 அல்லது 143. கிரீன் மேட்டில் இருந்தால் ஒவ்வொரு கெஜ உயரத்துக்கும் ஏறக்குறைய ஒரு கெஜம் கூட்டிக்கொள்ள வேண்டும். ‘நல்ல காற்று வீசுகிறது’ என்று மட்டும் சொல்லும் விமர்சகரை வானிலை அறிக்கைக்கு அனுப்பிவிடலாம்.

ரஃப் என்னும் நீளப்புல் பகுதியிலும் இப்படித்தான். பந்து முழுக்கப் புதைந்து கிடந்தால் புல் மட்டையின் கழுத்தைப் பிடித்து முகத்தை மூடிவிடும், வலக்கை ஆட்டக்காரரின் பந்து இடப்பக்கம் குறைவாகப் போய் விழும். இது எல்லோருக்கும் தெரியும். ஏமாற்றுவது பாதி புதைந்த பந்து. மட்டை முகத்துக்கும் பந்துக்கும் நடுவே புல் சிக்கிக்கொள்வதால் பின்சுழற்சி ஏறாது. பந்து வழக்கத்தைவிடத் தூரம் பறந்து, கிரீனில் நிற்காமல் பின்னால் ஓடும். இதை ஃப்ளையர் என்பார்கள். கேமராவின் உயரத்திலிருந்து பார்த்தால் அந்தக் கிடை நன்றாகத்தான் தெரியும். அதனால்தான் பந்து கிரீனைத் தாண்டிப் பாய்ந்ததும் வீட்டில் இருப்பவர் ‘என்ன இப்படி அடிச்சிட்டான்’ என்கிறார். தப்பு ஆட்டக்காரருடையது மட்டுமில்லை, முன்கூட்டிச் சொல்லாத உங்கள் ஆளுடையதும்தான்.

கிரீனில் நிலைமை இன்னும் மோசம். தொலைவிலிருந்து எடுக்கும் லென்ஸ் மேடுபள்ளத்தைத் தட்டையாக்கிவிடும். இரண்டடி வளைய வேண்டிய பட் திரையில் நேர்கோடாகத் தெரியும். ‘கொஞ்சம் இடமாகத் திரும்பும்’ என்றால் போதாது. குழியின் விட்டம் நாலேகால் அங்குலம். இடப்பக்கம் ஒரு குழி அகலமா, மூன்று குழி அகலமா? அளவோடு சொல்லட்டும், தப்பானால் தப்பாகட்டும். ஆட்டக்காரர் தட்டும் முன்பே மில்லர் துணிந்து சொல்வார்.

ஃப்ளோரிடா மாதிரி வெப்பப் பகுதிகளில் பெர்முடா புல் ஒரு திசையில் படிந்து வளரும். நின்ற இடத்திலிருந்து பார்க்கையில் வெளிறிப் பளபளத்தால் புல் நம்மை விட்டு விலகிச் சாய்கிறது, பந்து வேகமாக ஓடும். கருத்துத் தெரிந்தால் எதிர்ப்புல், இழுத்துப் பிடிக்கும். குழியின் விளிம்பைக் குனிந்து பார்த்தால் ஒரு பக்கம் பிசிறாகத் தேய்ந்திருக்கும். புல் அந்தப் பக்கமாகச் சாய்கிறது என்று அர்த்தம். இதைக் கோபுரத்தில் உட்கார்ந்து கண்டுபிடிக்க முடியாது. ஒளிபரப்பு நாள் காலையில், அன்றைய குழிகளை வெட்டி முடித்ததும், விமர்சகர் கடைசி ஆறு கிரீன்களையாவது நடந்து பார்த்துக் குறித்துக்கொள்ள வேண்டும். ஓக்மாண்டில் மில்லர் மறந்து வந்த நோட்டைப் போல ஒரு நோட்டு இவருக்கும் வேண்டும். அந்த நேரத்தை விளம்பரதாரர் விருந்துக்கு ஒதுக்காதீர்கள்.

கிரீன் வேகத்தைத் திரையில் ‘13’ என்று போடுகிறீர்கள். 13 என்ன? கிலோவா? அந்த எண் ஸ்டிம்ப்மீட்டர் தருவது. அது 36 அங்குல அலுமினியத் தண்டு. நடுவே நெடுக ஒரு பள்ளம், கீழ் நுனியிலிருந்து 30 அங்குலத்தில் பந்து உட்கார ஒரு வெட்டு. மேல் நுனியை மெதுவாகத் தூக்கினால் ஏறக்குறைய 20 பாகையில் பந்து தானே கழன்று உருளும். சமதளத்தில் ஒரு பக்கம் மூன்று பந்து, எதிர்ப்பக்கம் மூன்று பந்து உருட்டிச் சராசரி எடுத்தால் எத்தனை அடியோ அதுதான் வேகம். இது பிறந்த கதையும் ஓக்மாண்டில்தான்: 1935 யுஎஸ் ஓபனில் அங்கே பந்துகள் கிரீனை விட்டு ஓடியதைப் பார்த்த எட்வர்ட் ஸ்டிம்ப்சன் இதைச் செய்தார். எண்ணைப் போடும்போது ஒரு வரி சேர்த்துச் சொல்லலாமே: வேகம் கூடக் கூட மெதுவாகத் தட்ட வேண்டும், மெதுவாகப் போகும் பந்தைச் சரிவு அதிகமாக வளைக்கும். ஒரே கிரீனில் புதன்கிழமை ஒரு குழி அகலம் வளைந்த பட், ஞாயிறு மதியம் காய்ந்த பிறகு ஒன்றரைக் குழி வளைவது அதனால்தான்.

எங்களுக்கு எரிச்சலூட்டுவது இன்னொன்று. கோல்ஃபில் பல ஆட்டக்காரர்கள் ஒரே நேரத்தில் அடிப்பதால் பாதி அடிகள் பதிவு செய்து சற்றுப் பின்னால் காட்டப்படுகின்றன. அதில் குற்றமில்லை. ஆனால் முடிவு தெரிந்த அடிக்கு, ‘இது வலப்பக்கம் நழுவும் என்று எனக்குப் படுகிறது’ என்று ஒரு குரல் சொல்லும். குழந்தை பிறந்த பிறகு ஆணா பெண்ணா என்று ஜோசியம் சொல்கிற கதை. பதிவான அடி என்றால் ‘சற்று முன்’ என்று திரையில் தெளிவாகப் போடுங்கள். விமர்சகர் அங்கே கணிப்பை விட்டுக் காரணம் மட்டும் சொல்லட்டும்.

மில்லரிடம் குறை இல்லாமல் இல்லை. 1999-இல் அமெரிக்காவும் ஐரோப்பாவும் மோதும் ரைடர் கோப்பையில், புரூக்ளைனில், ஜஸ்டின் லெனார்ட் சரியாக ஆடாததைப் பார்த்து இவர் வீட்டில் உட்கார்ந்து டிவி பார்த்திருக்கலாம் என்றார். ஞாயிறன்று அதே லெனார்ட் 17-ஆம் கிரீனில் 45 அடி தூர பட் ஒன்றை உள்ளே இறக்கினார். 10-6 என்று பின்தங்கி இருந்த அமெரிக்கா 14½-13½ என்று கோப்பையை எடுத்தது. 2008 யுஎஸ் ஓபனில் டைகர் வுட்ஸோடு மோதிய ராக்கோ மீடியேட்டைப் பார்த்து, டைகர் வீட்டு நீச்சல் குளத்தைச் சுத்தம் செய்பவர் போல இருக்கிறார் என்று சொல்லிவிட்டு மன்னிப்புக் கேட்க நேர்ந்தது. ஜேக்கப்சனைப் பற்றிச் சொன்னது அடியைப் பற்றியது. மீடியேட்டைப் பற்றிச் சொன்னது ஆளைப் பற்றியது. முதலாவதை எந்த ஆட்டக்காரர் போன் போட்டுத் திட்டினாலும் விட்டுக் கொடுக்காதீர்கள். இரண்டாவதற்கு அன்றே கடிவாளம் போடுங்கள். நீங்கள் பெரும்பாலும் தலைகீழாகச் செய்கிறீர்கள்: நையாண்டிக்கு இடம் தருகிறீர்கள், ‘பயந்து அடித்தார்’ என்று சொன்னால் காதில் எச்சரிக்கிறீர்கள்.

கோப்பைக் கணக்கு ஏன் உதவாது என்பதற்கு வேறு ஆட்களும் உண்டு. கேரி மெக்கார்ட் பிஜிஏ டூரில் ஒரு போட்டிகூட ஜெயித்ததில்லை; சிபிஎஸ் தொலைக்காட்சியில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் இருந்தார். கென் வென்டூரி சிறு வயதில் திக்குவாய்க்காரர். 1964 யுஎஸ் ஓபனில் கடும் வெயிலில் ஒரே நாளில் 36 குழி ஆடி, நீர் வற்றித் தள்ளாடியபடி ஜெயித்தார். பின்பு மணிக்கட்டு நரம்புக் கோளாறு ஆட்டத்தை முடித்துவைத்தது. அவர் சிபிஎஸ்ஸில் 2002 வரை 35 ஆண்டு பேசினார். ஜூடி ராங்கின் பெண்கள் தொடரான எல்பிஜிஏவில் 26 போட்டி ஜெயித்தவர், முதுகு வலியால் விலகியவர். 1984 முதல் ஏபிசி தொலைக்காட்சிக்காகக் களத்தில் நடந்து ஆண்கள் ஆட்டத்தையும் சொன்னார். ஒருவருக்கு வெற்றியே இல்லை, ஒருவருக்குப் பேச்சே வராமல் இருந்தது, ஒருவருக்கு உடம்பு ஒத்துழைக்கவில்லை. இப்படிப்பட்டவர்கள் எந்த அடி எதனால் தவறும் என்று மற்றவர்களைவிட உற்றுப் பார்க்கிறார்கள். எல்லாம் தானாக வந்தவருக்கு எது எப்படி வந்தது என்று தெரியாது.

மில்லர் இன்னொன்றையும் செய்தார். 1994-இல், நான்கு ஆண்டு மைக்கோடு இருந்த பிறகு, 46 வயதில் பெபிள் பீச்சில் இறங்கி டாம் வாட்சன் உள்ளிட்டோரை ஒரே ஸ்ட்ரோக்கில் முந்திப் போட்டியையே ஜெயித்தார். எல்லோரிடமும் அதைக் கேட்க முடியாது. ஆனால் ஆண்டுக்கு ஒரு முறையாவது இன்றைய மட்டையை, இன்றைய பந்தை, அன்றைய போட்டித் திடலில் அடித்துப் பார்க்கச் சொல்லுங்கள். அயர்னின் எண் கூடக் கூட முகச்சாய்வு கூடும், தூரம் குறையும். 1970-களின் 7 அயர்னுக்கு முகச்சாய்வு இன்றையதைவிடப் பல பாகை கூடுதலாக இருந்தது. இன்று கடையில் விற்கும் 7 அயர்ன்களில் பல 30 பாகையை ஒட்டி இருக்கின்றன. ‘என் காலத்தில் இங்கே 5 அயர்ன் அடிப்போம், இவர் 7 அயர்ன் எடுக்கிறார்’ என்று வியப்பவர், மட்டையின் அடியில் பொறித்த எண்ணைத்தான் ஒப்பிடுகிறார்.

ஆள் தேர்வுக்கு ஒரு வழியும் சொல்கிறோம். வேலை கேட்டு வருபவரிடம் பழைய போட்டி ஒன்றின் பதிவைப் போடுங்கள், அவர் பார்த்திராத போட்டியாக இருக்கட்டும். 20 அடிகள். ஒவ்வொன்றையும் மட்டை கிளம்பும் நொடிக்கு முன்னால் நிறுத்தி, எங்கே தவறும், ஏன் என்று 15 நொடியில் சொல்லச் சொல்லுங்கள். பிறகு ஓடவிடுங்கள். எத்தனை கணிப்பு பலித்தது என்று எண்ண வேண்டாம். காரணம் சரியா என்று மட்டும் பாருங்கள், அதைக் கேடியாக வேலை செய்த ஒருவரை வைத்துத் திருத்துங்கள். இருபதில் எத்தனை முறை ‘நான் ஆடியபோது’ என்று தொடங்குகிறார் என்பதையும் ஓரத்தில் குறித்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
ஒலியைக் குறைக்காமல் கோல்ஃப் பார்க்க விரும்பும் ரசிகர்கள் சிலர்